கும்பகோணத்துப் பார்ட்டி

பார்ட்டி என்ற வார்த்தையை நான் முதன்முதலாகக் கேட்டது ஓட்டுக் கேட்க வந்தவர்கள் வாயிலிருந்துதான். உறையூரில் எங்கள் தெருச் சுவர்களையெல்லாம் தேர்தலுக்கு மூன்று மாதம் முன்பே ஆளுக்கொரு பக்கம் சுண்ணாம்பு அடித்துப் பிடித்துவிடுவார்கள். "உங்க வீடு எந்தப் பார்ட்டிங்க?" என்று வாசலில் நின்று கேட்பார்கள். அண்ணன் ஒரு தனியார் பஸ் கம்பெனியில் செக்கிங் இன்ஸ்பெக்டர். ஊரில் யாரையும் பகைத்துக்கொள்ள முடியாத உத்தியோகம். "உங்க பார்ட்டிதாங்க, வேற எந்தப் பார்ட்டி?" என்று வந்தவர்கள் எல்லோரிடமும் சொல்லி அனுப்புவான். மூன்று பார்ட்டியும் எங்கள் வீட்டை நம்பிக்கொண்டிருந்தன.

அடுத்து வந்தது மாப்பிள்ளைப் பார்ட்டி. எனக்குப் பதினேழு வயதில் உதட்டோரத்தில் ஒரு அரையணா அளவுக்கு வெள்ளையாகத் தெரிந்தது. தேமல் என்றார்கள். கந்தகம் தடவினார்கள், கார்போகரிசி அரைத்துப் பூசினார்கள். அது பாட்டுக்குக் கன்னத்துக்கு ஏறி, இடது கண்ணைச் சுற்றி, இருபது வயதில் பாதி முகத்தைத் தனக்கென்று எடுத்துக்கொண்டது. பெரியாஸ்பத்திரி டாக்டர், இது ஒட்டுகிற வியாதி கிடையாது, தோலில் நிறம் போய்விட்டது, அவ்வளவுதான் என்று எழுதியே கொடுத்தார். அண்ணி அதைப் படித்துப் பார்த்துவிட்டு என் டம்ளரைத் தனியாக எடுத்துவைத்தாள்.

அப்படியும் மூன்று பார்ட்டி வந்தார்கள். ஒவ்வொரு தடவையும் அண்ணி ரோஸ் பவுடரில் கொஞ்சம் மஞ்சளைக் குழைத்து என் முகத்துக்குப் பூச்சு வேலை செய்வாள். மூன்றாவது பார்ட்டியில் மாப்பிள்ளையின் அத்தை கெட்டிக்காரி. காபி டம்ளரை என்னிடம் திருப்பிக் கொடுக்கிற சாக்கில் புடவைத் தலைப்பைத் தண்ணீரில் நனைத்து என் கன்னத்தில் ஒரு இழு இழுத்தாள். தலைப்பில் வந்த பவுடரை எல்லோருக்கும் காட்டினாள். நான் அந்த டம்ளரோடு சமையல்கட்டுக்குப் போய் நின்றேன். கன்னத்தில் ஒரு கோடு மட்டும் ஈரமாக இருந்தது. சாயங்காலம் அண்ணன் வந்து, "பார்ட்டி வேண்டாம்னு சொல்லிட்டாங்க" என்றான். அதற்குப் பிறகு பார்ட்டி யாரும் வரவில்லை. எனக்கு நிம்மதியாக இருந்தது என்று சொன்னால் பொய். அவமானமாக இருந்தது, நிம்மதியாகவும் இருந்தது.

ஐம்பதுகளின் கடைசியில் எனக்குத் திருச்சி டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை கிடைத்தது. ஒரு அறையில் என்னை உட்காரவைத்து, பக்கத்து அறையில் இருப்பவர்களுக்குப் போனில் எண்களையும் ஊர்ப் பெயர்களையும் சொல்லச் சொன்னார்கள். குரல் பரீட்சை. அடுத்த அறையில் இருந்தவர்கள் என்னைப் பார்க்காமலேயே சரி என்று எழுதிவிட்டார்கள். என் விஷயத்தில் அப்படி ஒரு முடிவை யாரும் அதற்கு முன் எடுத்ததில்லை.

இப்போது சொன்னால் பேரப்பிள்ளைகள் வயதில் இருப்பவர்கள் சிரிக்கிறார்கள். அந்தக் காலத்தில் வெளியூருக்குப் பேச வேண்டுமென்றால் எங்களிடம் பதிவு செய்துவிட்டுக் காத்திருக்க வேண்டும். நாங்கள் அந்த ஊர் எக்ஸ்சேஞ்சைக் கூப்பிடுவோம். அங்கே இருக்கும் ஆபரேட்டர் உரிய ஆளைப் பிடித்துத் தருவாள். இரண்டு பக்கமும் ஆள் வந்ததும் எங்கள் முன்னால் இருக்கும் இணைப்புப் போர்டில் பிளக்கைச் சொருகி, "பேசுங்க" என்போம். டிரங்க் கால் என்று பெயர். கலியாணம், சாவு, வெங்காய விலை எல்லாம் எங்கள் கை வழியாகத்தான் போக வேண்டும்.

எங்கள் சூப்பர்வைசர் ஒரு ஆங்கிலோ இந்திய அம்மாள். கவுனும், கழுத்தில் சங்கிலி கட்டிய கண்ணாடியுமாகப் பின்னால் நடந்துகொண்டே இருப்பார். மிஸ் என்று கூப்பிட வேண்டும். முதல் நாளே சொல்லிவிட்டார்: "நோ சார், நோ ஐயா. ஒன்லி பார்ட்டி. கலெக்டர் பேசினாலும் பார்ட்டி, கருவாட்டு மண்டி பேசினாலும் பார்ட்டி. அண்டர்ஸ்டாண்ட்?" எனக்கு அது மிகவும் பிடித்துப்போயிற்று. போர்டில் உட்கார்ந்துவிட்டால் ஊரே பார்ட்டிதான். பார்ட்டிக்கு முகம் கிடையாது.

பெரிய கடைவீதி வியாபாரிகள் பேசும்போது பார்ட்டிக்கு வேறு அர்த்தம் வந்துவிடும். "பார்ட்டி கைநழுவிப் போயிடும், சீக்கிரம் லைன் குடும்மா" என்று பதறுவார்கள். எங்கள் டிபன் அறையிலோ, "அவளா? ஒரு மாதிரி பார்ட்டிடி" என்றால் அந்தப் பெண்ணின் மானம் அன்றைக்குக் கப்பலேறிவிட்டது என்று பொருள். நான் அந்த அறைக்கு அதிகம் போகமாட்டேன். நான் உட்கார்ந்தால் பக்கத்தில் இருப்பவள் தன் டிபன் பாக்ஸைக் கொஞ்சம் நகர்த்திவைப்பாள். வேண்டுமென்று செய்கிறார்கள் என்று சொல்ல மாட்டேன். கை தானாக நகர்த்தும். போர்டிலேயே சாப்பாட்டு நேரத்தையும் கழித்துவிட்டு, வேலையில் அக்கறை உள்ளவள் என்று பெயர் வாங்கினேன்.

மத்தியானம் இரண்டிலிருந்து நான்கு வரை போர்டு தூங்கி வழியும். அப்படியொரு மத்தியானம் கும்பகோணத்துக்கு ஒரு கால் போட்டேன். அந்தப் பக்கத்து ஆபரேட்டர் மணி அடித்து அடித்துப் பார்த்துவிட்டு, "பார்ட்டி எடுக்கலைங்க. வெத்தலை மண்டி. சாப்பிட்டுப் படுத்துட்டா இடி விழுந்தாலும் எந்திரிக்க மாட்டாங்க" என்றாள். பிறகு சர்வசாதாரணமாக, "நீங்க சாப்டாச்சா?" என்று கேட்டாள்.

வேலைக்குச் சேர்ந்து ஒரு வருஷத்தில் என்னை யாரும் அப்படிக் கேட்டதில்லை. வீட்டிலும் கேட்பதில்லை, சோறு மூடி இருக்கும், எடுத்துப் போட்டுக்கொள்வேன். "ஆச்சு. நீங்க?" என்று நானும் கேட்டேன்.

லைனில் சொந்தக் கதை பேசுவது குற்றம். மிஸ் எந்த நேரமும் தன் ஹெட்போனைச் சொருகிக் கேட்பார். அதனால் எங்கள் பேச்சு துண்டு துண்டாக இருக்கும். இன்றைக்குப் பாதி, நாளைக்குப் பாதி. அவளுக்கு அப்பா இல்லை, அம்மா மட்டும். மகாமகக் குளத்துக்குப் பக்கத்தில் வீடு. கத்தரிக்காய் என்றால் உயிர். வாய் ஓயாத பெண். எங்கள் இருவருக்கும் ஒருவரை ஒருவர் கூப்பிட ஒரே பெயர்தான். "என்ன பார்ட்டி, இன்னிக்கு என்ன குழம்பு?" என்பாள். "வாங்க பார்ட்டி" என்பேன். மிஸ் கேட்டாலும் ஏதோ அலுவலகப் பேச்சு என்று நினைத்துக்கொள்வார். இரண்டு வருஷம் இப்படிப் போனது. காலையில் உறையூரில் பஸ் ஏறும்போதே இன்றைக்கு அவளிடம் என்ன சொல்லலாம் என்று யோசித்து வைத்துக்கொள்வேன். ஞாயிற்றுக்கிழமை லீவு எனக்குப் பிடிக்காமல் போயிற்று.

ஒருநாள், "நீங்க சிவப்பா, மாநிறமா பார்ட்டி?" என்று கேட்டாள்.

"ரெண்டும்" என்றேன்.

அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். நான் சொன்னது சத்தியம்.

அறுபதுகளின் தொடக்கத்தில் ஒரு புரட்டாசி மாதம். அம்மாவோடு சனிக்கிழமை ஸ்ரீரங்கம் வருகிறேன், நீங்களும் வர வேண்டும் என்றாள். வேண்டாம் என்று சொல்ல ஒரு காரணமும் கிடைக்கவில்லை. தெற்கே மொட்டைக் கோபுரத்தடியில் பத்து மணிக்கு என்று பேசிக்கொண்டோம். அந்தக் கோபுரம் அப்போது மேலே கட்டப்படாமல் அப்படியே நின்றது. ஸ்ரீரங்கத்தில் யாரைக் கேட்டாலும் காட்டிவிடுவார்கள்.

"என்ன கலர் புடவை கட்டிட்டு வருவீங்க? நான் எப்படி உங்களைக் கண்டுபிடிக்கிறது?" என்றாள்.

"குரல் போதாதா? நீங்க பேசிட்டே இருங்க, நான் வந்து புடிச்சுக்கறேன்" என்றேன். வேடிக்கைபோலச் சொன்னேன். உண்மையில் நான் அவளை முதலில் பார்க்க வேண்டும். அவள் என்னைப் பார்ப்பதா வேண்டாமா என்பதைப் பிறகு நான் முடிவு செய்ய வேண்டும். அவ்வளவு கணக்காக யோசித்திருந்தேன்.

சனிக்கிழமை சத்திரம் பஸ் ஸ்டாண்டில் பஸ் மாறி, ஒன்பதரைக்கே போய்விட்டேன். கோபுரத்துக் கல்தூண் ஓரமாக ஒரு பூக்காரியின் கடை. அதை ஒட்டி நின்றேன். புடவைத் தலைப்பைத் தலையில் போட்டு இடது கன்னத்தை மூடிக்கொண்டேன். துளசி மாலையும் கூட்டமும் குதிரை வண்டிகளும் லத்தியுமாக வாசல் நிரம்பி வழிந்தது. கண்ணை மூடிக்கொண்டு கேட்டேன். வேலை அது, ஐம்பது சத்தத்தில் ஒரு சத்தத்தைப் பிரித்தெடுப்பது எனக்குப் பழக்கம்.

பத்து மணிக்குச் சற்று முன்பே கேட்டுவிட்டது. "அம்மா, இந்தக் கோபுரத்துக்கு மொட்டைன்னு ஏன் பேரு? அம்மா, வெயில் பாருங்க எப்படி அடிக்குது. அம்மா, கும்பகோணத்துல இந்தக் கதம்பத்தை என்ன விலை சொல்லுவான்?" கண்ணைத் திறந்தேன். குட்டையாக, கறுப்பாக, பச்சைப் புடவையில் ஒரு பெண். முன்பல் இரண்டும் லேசாகத் தூக்கல். அவள் அம்மா, "இன்னிக்கு ஏண்டி இப்படித் தொணதொணக்கிறே?" என்று அலுத்துக்கொண்டார். அவள் நிறுத்தவில்லை. எனக்காகப் பேசிக்கொண்டிருந்தாள். நாலு பக்கமும் பார்த்துப் பார்த்துப் பேசினாள். யாராவது இளம்பெண் தனியாக வந்தால் முகமெல்லாம் மலர்ந்து, அந்தப் பெண் தாண்டிப் போனதும் வாடிப்போகும்.

பத்தடி தூரம். நாலு எட்டு எடுத்து வைத்தால் போதும். நான் அந்த முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். என்னைப் பார்த்ததும் அந்த முகத்தில் என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும். நல்ல பெண், சமாளித்துக்கொள்வாள். ஆனால் சமாளிப்பதற்கு முன்னால் ஒரு கணம் இருக்கும். அதை எல்லார் முகத்திலும் பார்த்திருக்கிறேன். இவள் முகத்தில் பார்த்துவிட்டால் திங்கட்கிழமை எனக்கு யாரும் இருக்க மாட்டார்கள்.

பதினோரு மணி இருக்கும். பூக்காரி பொறுமை இழந்துவிட்டாள். "பூ வேணுமா வேண்டாமா? கடையை மறைச்சுக்கிட்டு நிக்கிறியேம்மா!" என்று அதட்டினாள். நான் திரும்பி, "கொஞ்சம் இருங்க" என்றேன். சொல்லிவிட்டு ஒரு முழம் கதம்பம் வாங்கினேன். அந்த நேரம் பச்சைப் புடவைக்காரியின் பேச்சு சட்டென்று நின்றது. நான் தூணுக்குப் பின்னால் ஒதுங்கிக்கொண்டேன். மறுபடி பேச ஆரம்பித்தாள், முன்னைவிட வேகமாக, கோயில் பக்கம் பார்த்தபடி. இன்னும் ஒரு மணி நேரம் நின்றாள். அம்மா கையைப் பிடித்து இழுத்த பிறகுதான் போனாள். நான் கதம்பத்தைத் தூணடியில் வைத்துவிட்டுப் பஸ் ஏறினேன்.

திங்கட்கிழமை மத்தியானம் அவள் குரல் கரகரவென்று கட்டிப்போயிருந்தது.

"எனக்கு லீவு கிடைக்கலை பார்ட்டி. மிஸ் கடைசி நேரத்துல டூட்டி போட்டுட்டாங்க" என்றேன். முதல் நாளே ஒத்திகை பார்த்து வைத்த வாக்கியம்.

"அதனால என்ன பார்ட்டி? நானும் ரொம்ப நேரம் நிக்கலை. இன்னிக்கு என்ன குழம்பு?" என்றாள்.

தப்பித்தேன் என்று நினைத்தேன். வெட்கத்தை விட்டுச் சொன்னால், சந்தோஷமாகக்கூட இருந்தது. அதன்பின் எட்டு மாதம் பழையபடி பேசினோம். ஸ்ரீரங்கம் என்ற பேச்சை அவள் எடுக்கவே இல்லை. நான் அதை அவளுடைய மறதி என்று எடுத்துக்கொண்டேன்.

சித்திரையில் அவளுக்குக் கலியாணம் நிச்சயமாயிற்று. மாப்பிள்ளை கோயமுத்தூரில் மில்லில் வேலை. இவள் வேலையை விட்டுவிட வேண்டும் என்பது அந்தப் பார்ட்டியின் நிபந்தனை. வைகாசியில் கலியாணம் முடிந்து லீவில் இருந்துவிட்டு, கடைசியாக ஒரே ஒரு நாள் டூட்டிக்கு வந்தாள். மூன்றரை மணிக்கு என் போர்டில் கும்பகோணம் விளக்கு எரிந்தது.

"நாலு மணிக்கு எனக்கு டீ பார்ட்டி வைக்கிறாங்க" என்றாள். "ஒரு ஜாங்கிரி, கொஞ்சம் காராபூந்தி. அவ்வளவுதான் நம்ம மதிப்பு." சிரித்தாள். நானும் சிரித்தேன். மிஸ் எங்கே இருக்கிறார் என்று திரும்பிப் பார்த்தேன். அந்தக் கோடியில் யாரையோ திட்டிக்கொண்டிருந்தார்.

"பார்ட்டி, ஒண்ணு சொல்லட்டுமா? கோவிச்சுக்கக் கூடாது."

"சொல்லுங்க."

"அன்னிக்கு மொட்டைக் கோபுரத்துல, பூக்காரம்மாகிட்ட 'கொஞ்சம் இருங்க'ன்னு சொன்னீங்க."

என் கையிலிருந்த பென்சில் நின்றது. ஒருநாளைக்கு இருநூறு தடவை லைனில் எல்லோரிடமும், அவளிடமும், அதே தொனியில் சொல்கிற வார்த்தை. என் காதுக்கு அவள் குரல் தெரியும் என்பதை மட்டுமே நினைத்துக்கொண்டு நின்றிருக்கிறேன். அவளும் அதே வேலை பார்ப்பவள், அவளுக்கும் அதே காதுகள் என்பது எனக்குத் தோன்றவே இல்லை.

"பார்த்தீங்களா?" என்றேன்.

"பார்த்தேன். வெயில் உங்க மேல அடிச்சுது. தலைப்பு நகர்ந்திருந்துது."

"அப்ப ஏன் வந்து பேசலை?"

"உங்களுக்கு வர இஷ்டமில்லைன்னு தெரிஞ்சுது. நானா வந்து எதிர்ல நின்னா நல்லா இருக்காது. நீங்களே வருவீங்கன்னு இன்னும் ஒரு மணி நேரம் நின்னேன்." அவள் குரல் மெலிந்தது. "எனக்கு அது ஒண்ணுமே இல்லை பார்ட்டி. எங்க பெரியம்மாவுக்கும் இருக்கு. அவங்க மடியிலதான் நான் வளர்ந்தேன்."

அந்த ஒரு கணம், நான் பயந்து பயந்து ஒளிந்த அந்த ஒரு கணம், எட்டு மாதத்துக்கு முன்பே நடந்து முடிந்திருந்தது. அதில் ஒன்றுமே இல்லை. திங்கட்கிழமை, அவள் தொண்டை கட்டிய குரலில் என்ன குழம்பு என்று கேட்டிருக்கிறாள்.

"வெள்ளிக்கிழமை காலையில கோயமுத்தூர் போறோம்" என்றாள். "திருச்சி ஜங்ஷன்ல வண்டி மாறணும். எட்டுலேர்ந்து ஒம்போது வரைக்கும் லேடீஸ் வெயிட்டிங் ரூம்ல இருப்பேன். வாங்க. வரலைன்னா லீவு கிடைக்கலைன்னு நெனச்சுக்கறேன்."

நான் பதில் சொல்வதற்குள் மிஸ் என் பின்னால் வந்துவிட்டார். லைனை விட்டேன்.

வெள்ளிக்கிழமைக்கு லீவு எழுதிக் கொடுத்தேன். ஏன் எதற்கு என்று கேட்காமல் மிஸ் கையெழுத்துப் போட்டார். அத்தனை வருஷத்தில் நான் கேட்ட மூன்றாவது லீவு அது. கடைவீதியில் ஒரு குங்குமச் சிமிழ் வாங்கினேன், வெள்ளி மாதிரி இருக்கும். காலையில் முகம் கழுவி, பவுடர் போடாமல், பொட்டு மட்டும் வைத்துக்கொண்டேன். அண்ணி பார்த்துவிட்டு, "இப்படியேவா போறே?" என்றாள். "இப்படியேதான்" என்றேன். பஸ்ஸில் ஜங்ஷனுக்கு டிக்கெட் வாங்கினேன்.

எக்ஸ்சேஞ்ச் ஸ்டாப்பிங்கில் பஸ் நின்றது. வழக்கமாக நான் இறங்குகிற இடம். உட்கார்ந்திருந்தேன். கண்டக்டர் விசில் கொடுக்கப் போகும்போது, அந்த வெயிட்டிங் ரூமில் அவள் மட்டும் இருக்க மாட்டாள், புது மாமியார் இருப்பார், நாத்தனார் இருப்பார், "இது யாரு?" என்று கேட்பார்கள் என்று மனசுக்குள் வந்தது. அந்தக் கேள்விக்கு அவள் என்ன பதில் சொல்லியிருப்பாள் என்று எனக்கு இப்போது நன்றாகத் தெரியும். அப்போது கால் தானாக எழுந்து இறங்கிவிட்டது.

போர்டு அறைக்குள் நுழைந்தபோது மணி எட்டு இருபது. மிஸ் கண்ணாடியைத் தூக்கிப் பார்த்தார். "லீவ் போட்டியே மேன், ஏன் வந்தே?"

"பார்க்கவேண்டிய பார்ட்டி வரலை மிஸ்" என்றேன்.

முன்பு மிஸ்மேல் பழி போட்டுப் பொய் சொன்னதுபோல், அன்றைக்கு அவள்மேலும் பழி போட்டேன். ஜங்ஷன் அங்கிருந்து நடந்துபோனால் பத்து நிமிஷம். ஒன்பது மணி வரை எனக்கு நேரம் இருந்தது. சிமிழைக் கைப்பையில் வைத்து மூடிவிட்டு, ஹெட்போனை எடுத்து மாட்டிக்கொண்டு வேலையைப் பார்த்தேன்.